பதினாறாம் எண் வீட்டு வாசலில் கல் குறைந்ததும் பின்பு கூடியதும் பற்றி

அனுப்புநர்:
திருமதி குணபூசணி சிவகுருநாதன்,
எண் 14, லோரோங் கெலாடி 3,
தாமான் கெலாடி, கிள்ளான், சிலாங்கூர்.

பெறுநர்:
திரு. க. இராமலிங்கம் அவர்கள்,
உதவிப் பொறியாளர், வடிகால் பராமரிப்புப் பிரிவு,
தஞ்சோங் கெலாடி நகராண்மைக் கழகம், கிள்ளான்.

பொருள்: எண் 16 வீட்டின் முன் சாக்கடைப் பாலத்தைக் கட்டாமலேயே கல்லையும் மணலையும் அள்ளிச் செல்லும் உத்தரவை நிறுத்தக் கோருதல்.

பார்வை: தங்கள் 22.9.1986, 3.11.1986 தேதியிட்ட கடிதங்கள்.

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். இம்மனுவின் மலாய்ப் பிரதி முறைப்படி இணைக்கப்பட்டுள்ளது. தாங்கள் தமிழ் வாசிப்பவர் என்று கேள்விப்பட்டதால் இதையும் எழுதுகிறேன். மலாயில் எனக்கு விண்ணப்பிக்கத்தான் தெரியும். குறைப்பட்டுக்கொள்ளத் தமிழ்தான் வசதி.

1. நான் கோலாலம்பூரில் ஓர் அரசாங்கக் கட்டுமானப் பொருள் சோதனைக்கூடத்தில் இருபத்துநான்கு ஆண்டுகள் உதவியாளராக இருந்து ஓய்வு பெற்றவள். கல்லையும் மணலையும் சலித்து, கழுவி, நிறுத்து, நல்லது கெட்டது சொல்வது என் வேலை. வீட்டில் மாவு சலித்ததைவிட அலுவலகத்தில் மணல் சலித்ததே அதிகம் என்று என் கணவர் இன்றும் சொல்லிக் காட்டுவார். ஆகவே கீழே கல்லைப் பற்றிச் சற்று அதிகமாக எழுதினால் பொறுத்தருள வேண்டும்.

2. எங்கள் பக்கத்து வீடான எண் 16இல் வசிப்பவர் செல்வி மார்க்கிரட். வயது அறுபத்தெட்டு. மருத்துவமனைத் தாதியாக இருந்து ஓய்வு பெற்றவர். இடுப்பெலும்பு முறிந்ததிலிருந்து சக்கர நாற்காலியில் இருக்கிறார். கடந்த பிப்ரவரியில் ஐஸ் ஏற்றி வந்த லோரி ஒன்று பின்னோக்கி வந்து ஏறியதில் அவர் வாசலில் இருந்த சாக்கடைப் பாலம் இடிந்து விழுந்தது. இப்போது அங்கே ஒரு பலகை கிடக்கிறது. ஏப்ரலில் நான்கு பேர் நாற்காலியோடு அவரைத் தூக்கிக் கடக்கும்போது பலகை வழுக்கி, அவர் முழங்கால் வரை சாக்கடையில் இறங்கிவிட்டார். அதன் பிறகு அவர் வெளியே வரச் சம்மதிக்கவில்லை. சாக்கடை எட்டடி அகலம்கூட இல்லை.

3. எங்கள் முதல் விண்ணப்பத்தை ஏற்று மார்ச் மாதத்தில் தங்கள் அலுவலகம் ஒரு லோரி சல்லிக்கல்லும், அரை லோரி மணலும், இரும்புக் கம்பிகளும் இறக்கியது. இதற்கு நன்றி தெரிவிப்பது என் கடமை. கல் முதல்தரமானது. முக்கால் அங்குலக் கருங்கல், முனை மழுங்காமல் புதிதாக உடைத்தது. அப்படிப்பட்ட கல்தான் ஒன்றோடொன்று கவ்விக்கொள்ளும். மணல் பூச்சோங் பக்கத்து ஈயச் சுரங்க மணல். "அடுத்த வாரம் ஆள் வரும்" என்று லோரிக்காரர் சொல்லிச் சென்றார். எந்த ஆண்டின் அடுத்த வாரம் என்று அப்போது நாங்கள் கேட்கத் தவறிவிட்டோம்.

4. ஆள் வரவில்லை. ஊரார் வீட்டு நெய்யே, என் பெண்டாட்டி கையே என்பார்கள். தெரு முழுவதும் அந்தக் கை நீண்டது. முனையில் சாப்பாட்டுக் கடை வைத்திருக்கும் சனாவுல்லா, தட்டு கழுவும் இடம் சேறாகிறது என்று ஆறு தள்ளுவண்டிக் கல் கொண்டுபோய்ப் பரப்பினார். சல்லிக்கல்லின் இடைவெளியில் தண்ணீர் தங்காது என்பது தாங்கள் அறிந்ததே, அவரும் அறிந்திருந்தார். ரயில்வேயில் தண்டவாளப் பராமரிப்பில் இருந்து ஓய்வு பெற்ற கன்னையா தன் கோழிக்கூட்டுத் தரையை உயர்த்தினார். துறைமுகத்தில் வேலை செய்யும் ரெங்கசாமி பூப்பந்துத் திடலை மணலால் சமன் செய்தார். பூந்தொட்டிகளின் அடியில் போட நான்கு வாளிக் கல் எடுத்தவர் திரு. சிவகுருநாதன். என் கணவர் என்பதற்காக அவர் பெயரை மறைக்க மாட்டேன்.

5. நானும் எடுத்தேன். ஊறுகாய் ஜாடியில் பாரமாக வைக்க ஏழு கற்கள். தட்டையும் நீளமுமான கல் எளிதில் முறியும் என்பதால் கான்கிரீட்டுக்கு அதை ஒதுக்கிவிடுவோம். ஊறுகாய்க்கோ தட்டைக் கல்லே உத்தமம். ஆகவே நான் எடுத்தது கழிவு என்று வாதாட இடமுண்டு. வாதாடப் போவதில்லை. இரும்புக் கம்பியை மட்டும் ஒருவரும் தொடவில்லை. நேர்மை காரணமல்ல, அதை வைத்து என்ன செய்வது என்று யாருக்கும் தோன்றவில்லை.

6. செப்டம்பரில் தங்கள் முதல் கடிதம் வந்தது. பாதிக்கு மேல் பொருள் காணவில்லை. பதினான்கு நாளில் திரும்ப வைக்காவிட்டால் போலீசில் புகார் செய்யப்படும் என்றிருந்தது. ஆறு மாதமாக வராத அலுவலகம் ஆறே வரியில் வந்துவிட்டதை எண்ணி வியந்தோம். பிறகு பயந்தோம். யாரும் யாரிடமும் சொல்லாமல் அவரவர் எடுத்ததைத் திரும்ப வைக்கத் தொடங்கினார்கள். கோழி மிதித்த கல்லையும் மண்ணில் புதைந்த கல்லையும் எப்படித் திரும்பக் கொடுப்பது? ஆகையால் கிடைத்ததைக் கொண்டுவந்தார்கள். வெட்கத்தினால், எடுத்ததற்கு மேல் ஒரு பங்கு சேர்த்தே வைத்தார்கள். அக்டோபர் முதல் வாரத்தில் குவியல், தாங்கள் இறக்கியதைவிட ஒன்றரை மடங்கு உயர்ந்து நின்றது.

7. சனாவுல்லா வைத்தது மீன் தொட்டியிலும் தோட்டத்திலும் போடும் வெள்ளைக் கூழாங்கல். பார்க்க அழகு. வழவழப்பாக இருப்பதால் கலவை சுலபமாகப் புரளும். ஆனால் சிமெண்டு நன்றாகப் பற்றாது. கூடவே தன் கடைப் பின்புறத்துப் பழைய கல்லில் பாதியையும் அள்ளி வந்தார். அதில் எண்ணெய்ப் பிசுக்கு இருந்தது. நான் சொன்னதும் சோப்புப் போட்டுக் கழுவி வந்தார். சோப்பு கலந்தால் கான்கிரீட்டில் நுரை கட்டும் என்று நான் சொன்னபோது அவர் என்னைப் பார்த்த பார்வையை இந்த மனுவில் விவரிக்க இயலாது. கன்னையா கொண்டுவந்தது இரண்டரை அங்குலக் கருங்கல். அது எங்கிருந்து வந்தது என்பதைத் தாங்கள் விசாரிக்காமல் இருப்பது ரயில்வேக்கும் நமக்கும் நல்லது. ரெங்கசாமியின் மணலில் கிளிஞ்சல் தெரிந்தது; நாக்கில் வைத்துப் பார்த்தேன், உப்புக் கரித்தது. கடல் மணல் கம்பியைத் துருவேற்றிவிடும். என் கணவர் உடைந்த செங்கல்லும் உடைந்த பூந்தொட்டியும் கொண்டு கொட்டி, "எடை சரியா இருக்கா இல்லையா?" என்று என்னிடமே கேட்டார்.

8. 29.10.1986 அன்று தங்கள் மேற்பார்வையாளர் வந்தார். ஒரு கையில் கன்னையாவின் கல்லையும் மறு கையில் கூழாங்கல்லையும் எடுத்து, "ஆன்டி, இது எங்க கல்லு இல்ல லா. இது ரயில் கல்லு, இது மீன் தொட்டிக் கல்லு. நான் எப்படி சைன் போடுறது?" என்றார். அவர் சொன்னது சரி. நானாக இருந்தாலும் போட்டிருக்க மாட்டேன். தேநீர் கொடுத்து அனுப்பினோம். ஐந்தாம் நாள் தங்கள் இரண்டாம் கடிதம் புறப்பட்டது: பொருள் தகுதியற்றது, வேலை ரத்து, 24.11.1986 திங்கட்கிழமை லோரி வந்து அனைத்தையும் அள்ளிச் செல்லும். என் புகார் இந்தக் கடிதத்தின் மேல்தான்.

9. ஓய்வு பெறும்போது மற்றவர்கள் கடிகாரம் வாங்கிக்கொண்டார்கள். நான் கேட்டு வாங்கியது தேய்ந்துபோன இரண்டு சல்லடைகள். அவற்றைக் கொண்டு தெருவாரை ஆறு நாள் வேலை வாங்கினேன். தங்கள் கருங்கல் தனியே பிரிக்கப்பட்டு, நல்ல தண்ணீரில் மூன்று முறை கழுவப்பட்டது. ரயில் கல்லைக் கன்னையாவே சுத்தியலால் முக்கால் அங்குலத்துக்கு உடைத்துத் தந்தார். அதுவும் கருங்கல்தான், அளவு மட்டுமே பெரிது. சுரங்க மணலை ஹார்லிக்ஸ் போத்தலில் உப்புத் தண்ணீரோடு குலுக்கி மூன்று மணி நேரம் வைத்துப் பார்த்தேன். மேலே படிந்த வண்டல் இருபதில் ஒரு பங்குதான். கடல் மணல் திடலுக்குப் போயிற்று. கூழாங்கல் சனாவுல்லா கடை வாசலுக்குத் திரும்பியது. செங்கல் தண்ணீரை உறிஞ்சும், பாரம் தாங்காது. ஆனால் நடைபாதைக்குப் போதும் என்பதால், எண் 16இன் கதவிலிருந்து சாக்கடை வரை நாற்காலி உருள இடித்துப் பரப்பியிருக்கிறோம். மீதமுள்ள கல்லும் மணலும் ஆறங்குலக் கனப் பாலத்துக்கும், பாலத்தோடு சரிந்த சாக்கடைச் சுவருக்கும் போதுமானவை. தகுதியானவையும்கூட.

10. இனி எழுதுவது என் மனச்சாட்சிக்காக. ஒரு பெண் வெளியே வரவேண்டும் என்பதற்காக இறக்கிய கல் அது. அவர் உள்ளே அடைபட்டிருக்க, அவர் ஜன்னலுக்கு எதிரிலேயே நாங்கள் அதை அள்ளினோம். அவர் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். ஒரு நாளும் தடுக்கவில்லை. என் கணவரிடம், "இந்தப் பக்கம் சின்னக் கல்லா இருக்கு பாருங்க, தொட்டிக்கு அதுதான் நல்லா இருக்கும்" என்று சொல்லியுமிருக்கிறார். தங்கள் கடிதம் வந்த பிறகு, ஏன் ஒரு வார்த்தை சொல்லவில்லை என்று கேட்டேன். "கல்லு எடுக்க வர்றவங்கதான் என்கிட்ட நின்னு ரெண்டு வார்த்தை பேசிட்டுப் போறாங்க. வேணாம்னு சொன்னா அப்புறம் யாரு வருவா, பூசணி?" என்றார். நான் பக்கத்து வீட்டுக்காரி. எனக்கு மிகவும் வெட்கமாக இருந்தது, இன்னும் இருக்கிறது.

11. ஆகவே தங்களைக் கேட்டுக்கொள்வது:

(அ) 24ஆம் தேதி லோரியை அனுப்ப வேண்டாம்.

(ஆ) சாக்கடை கழகத்தின் சொத்து என்பதால், தங்கள் ஆளையோ, ஆள் இல்லாவிட்டால் நாங்களே கட்டிக்கொள்ள அனுமதியையோ தரவேண்டும். சிமெண்டு ஏழு மூட்டை வாங்கி என் முன்னறையில் அடுக்கியிருக்கிறோம். இந்த மழைக்காலத்தில் அது நெடுநாள் தாங்காது.

(இ) மேற்பார்வையாளரை மறுபடி அனுப்பிக் கல்லைப் பார்க்கச் சொல்லவேண்டும். குறை சொன்னால் திருத்திக்கொள்வேன்.

12. பதில் வராவிட்டாலும் 23.11.1986 ஞாயிறு காலை எட்டு மணிக்குக் கலவை போடப்படும். ஒரு பங்கு சிமெண்டு, இரண்டு பங்கு மணல், நான்கு பங்கு கல். இது மிரட்டல் அன்று, தகவல். அனுமதியின்றிக் கட்டிய குற்றத்துக்கு முதல் பெயராக என் பெயரை எழுதிக்கொள்ளலாம். கான்கிரீட்டு முழு வலிமை பெற இருபத்தெட்டு நாள் வேண்டும் என்பதைத் தாங்களும் படித்திருப்பீர்கள். இருபத்தெட்டாம் நாள் டிசம்பர் 21, அதுவும் ஞாயிற்றுக்கிழமை. அன்று காலை மார்க்கிரட் அக்கா மாதா கோவிலுக்குப் போகிறார். நாற்காலியை நான் தள்ளுவதாகச் சொல்லியிருக்கிறேன்.

தங்கள் பதிலையும் மழையில்லாத ஒரு ஞாயிற்றுக்கிழமையையும் எதிர்பார்க்கும்,

(ஒப்பம்)
குணபூசணி சிவகுருநாதன்

இடம்: தாமான் கெலாடி, கிள்ளான்
தேதி: 12.11.1986

இணைப்பு: மலாய்ப் பிரதி, கழுவிய கல் ஒரு பொட்டலம், மணல் ஒரு போத்தல்.