சிரிப்பை வெட்டி எடுத்தவனுக்கு

பீரோவின் அடித்தட்டைத் துடைக்கும்போது அந்த வெள்ளைப் பெட்ஷீட் கையில் சிக்கியது. நாலு மூலையிலும் நீ அடித்த ஆணித் துளைகள். அன்றைக்கு மடித்து வைத்தது, பிறகு யாரும் விரித்துப் படுக்கவில்லை. உன் ஊரில் நீ இறந்துபோன செய்தியைப் போன வாரம்தான் உன் கல்லூரித் தோழர் வந்து சொல்லிவிட்டுப் போனார், தம்பி.

தென்னாப்பிரிக்காவிலிருந்து பெங்களூருக்கு ஓவியமும் சினிமாவும் படிக்க வந்தவன் நீ. தங்கவயல் என்று கேள்விப்பட்டதும் கேமராவோடு ரயிலேறி வந்து, எங்களோடு தங்கி எங்கள் தமிழையும் கற்றுக்கொண்டாய். உன் அப்பாவும் தங்கச் சுரங்கத்தில் உழைத்தவர். தங்கம் பிரித்த கழிவு மலையாகக் குவிந்த எங்கள் சைனைடு மேட்டு மண்ணை அள்ளிச் சாயத்தில் குழைத்து, நாங்கள் குடியிருந்த பாலகாட் லைன் தொழிலாளர் வீடுகளை வரைந்தாய். என்னையும் வரைந்தாய். படம் லட்சணமாக இருந்ததால் அது நான்தான் என்று என் மனைவி கடைசிவரை நம்பவில்லை.

ஷிஃப்ட் முடிந்து சுரங்கக் கூண்டில் மேலே வந்தால், தங்கம் ஒளித்திருக்கிறோமா என்று கேட்டில் எப்படிச் சோதிப்பார்கள் என்று ஒருநாள் கேட்டாய். உன் அப்பா அதைப் பற்றி வாயே திறந்ததில்லையாம். நான் சும்மா இருப்பேனா? வெறும் டிராயரோடு நின்று கையைத் தூக்கினேன், ஒற்றைக் காலில் குதித்தேன். வாட்ச்மேன் குரலும் நானே கொடுத்தேன்.

"வாயத் தொற. நாக்கத் தூக்கு. உள்ள இன்னாது, பல்லா தங்கமா?"

டீ கொண்டுவந்த என் மனைவிக்குச் சிரிப்பு தாங்கவில்லை. "வெக்கங்கெட்ட மனுசன். தம்பி, இதெல்லாம் யாருக்கும் காட்டிறாதப்பா."

நீ சிரித்ததில் கேமராவே ஆடியது. நெஞ்சில் கை வைத்து, "ப்ராமிஸ்ண்ணா" என்றாய்.

அடுத்த மாதம் எங்கள் வீட்டுப் பெட்ஷீட்டையே சுவரில் அடித்து, லைன் முழுக்கக் கூட்டிப் படம் காட்டினாய். கதாநாயகன் நான் என்று சொல்லி முன்வரிசையில் உட்கார்ந்திருந்தேன், சலவைச் சட்டையில். திரையில் நான் வந்தேன். சத்தத்தையெல்லாம் வெட்டியிருந்தாய். வாட்ச்மேன் குரல் இல்லை, என் மனைவியின் சிரிப்பு இல்லை. ஆள் உயரத்துக்கு மேலே, மெதுவாக, அரை அம்மணமாக வாயைப் பிளந்து நிற்கிற ஒருவன். அதே கேட்டில் என்னோடு சோதனைக்கு நின்றவர்கள் ஒவ்வொருவராக எழுந்து போனார்கள்.

என் மகள் செல்வி கேட்டாள்: "தெனமுமாப்பா?"

"இல்லம்மா, ஞாயித்துக்கெழம லீவு."

அவள் சிரிக்கவில்லை. அவளுக்குத் தெரியக் கூடாது என்றுதானே அத்தனை வருஷமும் சிரித்துக்கொண்டே வீட்டுக்குள் நுழைந்தேன்.

"எங்கப்பாவ இப்பதான் புரிஞ்சிக்கினேன்ண்ணா" என்றாய், கண் கலங்கி.

"அதுக்கு எம்பொண்ணு எதுக்குடா பாக்கணும்?"

பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனாய். வழியனுப்ப நான் வரவில்லை. பிறகு எந்தெந்த நாட்டிலோ அதைக் காட்டிக் கைதட்டல் வாங்கினாயாம்.

மைன்ஸையும் மூடிவிட்டார்கள். செல்வி வேலைக்குப் பெங்களூர் போய் வருகிறாள். நான் பழையபடி கோமாளிதான். ஆனால் வேடிக்கையாக எதையாவது ஆரம்பித்தால், அவள் என் முகத்தையே உற்றுப் பார்க்கிறாள், அடியில் எதை மறைக்கிறேன் என்று. அந்தப் பார்வையை நீதான் என் வீட்டுக்குள் விட்டுவிட்டுப் போனாய், தம்பி.