பின்னாலை பஸ் வருது

அண்ணை,

இன்று பகல் பஸ் பண்ணைப் பாலத்தில் ஏறியதும் வற்றுக்கடலின் சேற்று மணம் யன்னலால் வந்து முகத்தில் அடித்தது. உங்கள் காக்கிச் சட்டையிலும் இதே மணம்தான். பதினொரு வருடம் உங்கள் பஸ்ஸில் நடத்துநராக நின்ற எனக்கு, சாரதிக் கதிரையில் வேறொருவரின் முதுகு தெரிவது இன்னும் பழகவில்லை. ஒரு நெஞ்சுவலியோடு சொல்லாமல் போய்விட்டீர்களே என்று கோபம்கூட வருகிறது.

பாதை அப்படியேதான் கிடக்கிறது. அல்லைப்பிட்டி, மண்கும்பான், வேலணை, பிறகு இரண்டு பக்கமும் கடல், அப்பால் புங்குடுதீவு. அங்கே அந்த ஆலடித் தரிப்பு. கூரை போன வீடுகள், தூர்ந்த கிணறுகள். ஏறவோ இறங்கவோ ஒரு சனம் இல்லை. நீங்கள் மட்டும் தினமும் நிறுத்துவீர்கள். குறிகட்டுவான் இறங்குதுறையில் நெடுந்தீவுப் படகைப் பிடிக்கவேண்டியவர்கள் வாய்க்கு வந்தபடி பேசுவார்கள். நீங்களோ கண்ணாடியில் பின்வாசலைப் பார்த்தபடி இருப்பீர்கள். "சரி, அடியும்" என்று நீங்கள் சொன்ன பிறகே நான் புறப்படுவதற்கான இரண்டு மணியை அடிக்கலாம். உங்களுக்குக் கொஞ்சம் கழன்றுவிட்டது என்றுதான் நானும் நினைத்தேன்.

வேலைக்குச் சேர்ந்த முதல் கிழமை, பஸ் நிரம்பியிருந்தபோது கைகாட்டியவர்களிடம் எல்லா நடத்துநரும் சொல்வதையே நானும் சொன்னேன்: "பின்னாலை பஸ் வருது." நீங்கள் பிரேக் போட்ட வேகத்தில் நின்றவர்கள் எல்லாம் ஒருவர்மேல் ஒருவர் விழுந்தார்கள். "அந்தச் சொல்லு என்ரை பஸ்ஸிலை வேண்டாம்" என்றீர்கள். காரணத்தைச் சொல்லப் பல வருடம் எடுத்தீர்கள். ஒருநாள் குறிகட்டுவானில் தேத்தண்ணீர் ஆறிக்கொண்டிருக்க, நீங்களாகவே சொன்னீர்கள்:

"சண்டைக்குப் பயந்து தீவுச் சனம் எல்லாம் வெளிக்கிட்ட அண்டைக்குக் கடைசி பஸ் நான்தான் ஓடினனான். ஆலடியிலை ஒரு தாயும் ரெண்டு பிள்ளையளும் கை காட்டிச்சினம். கால் வைக்க இடமில்லை. பின்னாலை பஸ் வருதெண்டு சொல்லிப்போட்டு வந்திட்டன். பின்னாலை ஒண்டும் இல்லையெண்டு எனக்குத் தெரியும்."

"அவைக்கு என்ன நடந்தது அண்ணை?"

"தெரியாது. நான் இல்லாட்டிலும் நீர் அங்கை நிப்பாட்டும்."

"ஓம்" என்றேன்.

அந்த வாக்கை உங்கள் செத்தவீட்டுக்கு மறுநாளே மீறினேன். புதுச் சாரதி வன்னியிலிருந்து வந்தவர், ஆலடிக் கதை ஒன்றும் தெரியாதவர். என்னைப் பற்றி என்ன நினைப்பாரோ என்ற வெட்கம். ஒரு கிழமை மணி அடிக்காமல் கடந்தேன். ஒவ்வொரு நாளும் அந்த இடம் தாண்டும்போது பின்வாசல் பக்கம் திரும்பப் பயந்து முன்னால் போய் நின்றுகொள்வேன்.

இன்று ஏலாமல் போய்விட்டது. ஒரு மணி அடித்தேன். பஸ் நின்றது. கொளுத்தும் வெயிலில் ஒரு காகம்கூட இல்லை. "ஏறுங்கோ, இடம் இருக்கு" என்று வாய்க்குள் சொன்னேன். கொஞ்சம் பொறுத்து இரண்டு மணி அடித்தேன். பஸ் அசையவில்லை. மறுபடியும் அடித்தேன்.

புதியவர் கண்ணாடியிலிருந்து கண்ணை எடுக்காமல் சொன்னார்:

"பொறுங்கோ அண்ணை. அந்த மனிசி இப்பதானே பிள்ளையளை ஏத்துது."

நான் திரும்பிப் பார்க்கவில்லை. வழிவிட்டு ஒதுங்கி நின்றேன், அண்ணை.