உன் காட்சியில் நான் ஒட்டிய துண்டு

என் அன்பு ராசாத்தி அக்கா,

நீ போய்ப் பன்னிரண்டு நாளாகிறது. பெரியம்மாவுக்கு நீ ஒரே பிள்ளை, உனக்குக் கல்யாணமும் ஆகவில்லை. சித்தி மகன்தான் வைக்க வேண்டும் என்று கொள்ளிச்சட்டியை என் கையில் கொடுத்தார்கள். வாங்கிக்கொண்டேன். எதைத்தான் நான் வேண்டாம் என்று சொல்லியிருக்கிறேன்?

உன் கல்யாணம் நின்ற கதை ஊருக்கே தெரியும் என்கிறார்கள். உண்மை எனக்கு மட்டும்தான் தெரியும்.

நான் கம்பத்துத் தியேட்டரில் ஆபரேட்டராக இருந்த காலம். மலை தாண்டிப் போய் ஒரு மலையாளப் படத்தில் சின்ன வேடம் கட்டியிருந்தாய். ஓடையில் குடத்தை வைத்துவிட்டு முகம் கழுவுவாய், அவ்வளவுதான். அந்தப் படம் எங்கள் தியேட்டருக்கு வந்தபோது, காலைக் காட்சிக்குக் கூட்டம் குறைகிறது என்று மேனேஜர் ஒரு பிட்டுப் படச் சுருள் துண்டைக் கொடுத்தார். யாரோ ஒரு பெண் உடம்பு தெரியக் குளிக்கிற காட்சி, முகம் தெரியாது. எங்கே ஒட்டுவது என்பதை என்னிடமே விட்டுவிட்டார். உன் ஓடைக்கு அடுத்து ஒட்டினேன். தண்ணீருக்குத் தண்ணீர் தோதாக இருந்தது, அக்கா. ஒட்டே தெரியவில்லை என்று மேனேஜர் தட்டிக்கொடுத்தபோது எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

உன் முகமும் அவள் உடம்பும் ஊர் வாயில் ஒரே ஆளாகிவிட்டன. பூ வைத்துவிட்டுப் போயிருந்த சின்னமனூர் மாப்பிள்ளை வீட்டார் வேண்டாமென்று ஆள் அனுப்பினார்கள். நீ நேராக ஆபரேட்டர் ரூமுக்கு ஏறி வந்தாய்.

"ஏலே, அது நான் இல்லன்னு உனக்குத் தெரியும்ல? ஒரு வார்த்த சொல்லுடா. நீ சொன்னா நம்புவாக."

படப்பெட்டியில் வருவதைத்தான் ஓட்டுகிறோம், எனக்கென்ன தெரியும் என்றேன். வேலை போய்விடுமே என்ற பயம். நீ என் கையைப் பார்த்தாய். விரலில் பசை காய்ந்திருந்தது. அப்போதே கண்டுபிடித்துவிட்டாயா? கடைசிவரை ஏன் கேட்கவே இல்லை?

படி இறங்கும்போது, "அந்தப் புள்ளயும் யாரு வீட்டுப் புள்ளயோ" என்று மட்டும் சொன்னாய். அவள் பெயரை நான் இன்றுவரை யாரிடமும் விசாரித்ததில்லை.

அப்புறம் மயிலாடும்பாறைக்குப் போய்த் தையல் மிஷின் போட்டு உட்கார்ந்தாய். பொங்கலுக்குப் பொங்கல் என் மகளுக்குப் பாவாடை தைத்து அனுப்பினாய். அதை அவள் போட்டுக்கொண்டு வந்து நிற்கும்போது என்னால் நிமிர்ந்து பார்க்க முடியாது.

அவள் இப்போது பெரியகுளத்தில் படிக்கிறாள். அந்த மாதிரிப் படங்கள் பெண்களை எப்படிக் காட்டுகின்றன என்று போன வாரம் வகுப்பில் விவாதமாம். நடித்தவள் ஏன் நடித்தாள் என்றே எல்லோரும் பேசினார்களாம். சாப்பிடும்போது என்னிடம் கேட்டாள்: "ஏம்ப்பா, ஓட்டுனவுகள ஒருத்தரும் ஏன் கேக்கல?"

பாதியில் எழுந்து கை கழுவிவிட்டேன்.

பதினாறாம் நாள் கொள்ளி வைத்தவன் தலையில், உரிமைக்காரன் என்று உருமா கட்டுவார்கள். உன்னைத் தப்பாகப் பேசியவர்கள் எல்லோரும் அன்று பந்தலில் இருப்பார்கள். துணியைக் கட்டுவதற்கு முன்னால் எழுந்து நின்று, ஒட்டியது நான்தான் என்று சொல்லிவிடுவேன். மகளும் கேட்கட்டும். அதற்குப் பிறகும் அந்த உருமாவை எனக்குக் கட்டலாமா என்று அவர்களே முடிவு செய்யட்டும்.

நீ கேட்ட அந்த ஒரு வார்த்தையோடு வருகிறேன், அக்கா.

உன் சித்தி மகன்,
தம்பி முருகேசன்