சேகர் அண்ணனுக்கு வேறு வார்த்தைகள்

11.7.1996, வியாழன்

சீவில்லிபுத்தூரிலிருந்து வருகிற எங்கள் தமிழ் டீச்சரைச் சேகர் அண்ணனுக்குப் பெண் கேட்டிருக்கிறார்கள். அண்ணன் பெரியம்மா மகன். பம்பாயில் நைட் கிளப்பில் டி.ஜே. ஹிப்-ஹாப் ரெக்கார்டை விரலால் முன்னும் பின்னும் தேய்த்து ஆட்களை ஆட வைப்பதுதான் வேலை. மாப்பிள்ளை விவரத்தை என்னை எழுதச் சொன்னார்கள். உள்ளபடியே எழுதினேன்.

"ஏட்டி, இதப் பாத்தா எவன் பொண்ணு குடுப்பான்? அம்புட்டுப் புஸ்தகம் படிக்கியே, வேற வார்த்தை போடு" என்றாள் பெரியம்மா.

டி.ஜே.யை 'இசைப் பொறுப்பாளர்' ஆக்கினேன். கிளப்பை 'பெரிய ஹோட்டல்' என்றேன். 'ராத்திரி முழுக்க' என்பதை 'மாலை நேரப் பணி' என்று மாற்றினேன். ஒவ்வொரு வார்த்தை கிடைத்தபோதும் சந்தோஷமாகக்கூட இருந்தது.

இன்று டீச்சர் என்னை வராந்தாவில் நிறுத்தினார்.

"வீட்டுக்கு வந்த மாப்பிள்ளை விவரம், அது உன் கையெழுத்துதானே?"

"ஆமா டீச்சர்."

"எங்க அப்பா பம்பாய்க்கு ஆள் விட்டு விசாரிக்கணும்னாங்க. வேண்டாம்ப்பா, அந்தப் பிள்ளை பொய் எழுதாதுன்னுட்டேன்."

சிரித்தார். நானும் சிரித்துத் தொலைத்தேன்.

வீட்டில் சொன்னதும் பெரியம்மா என் கையைப் பிடித்துக்கொண்டாள். "நீ வாயத் தொறந்தே, எம்மவன் காலம்பூரா ஒத்தையிலதான் கெடப்பான்."

டீச்சரும் என்னை நம்பித்தான் இருக்கிறார். யாரிடம் என்ன சொல்வது?

நாளை முதல் பீரியட் தமிழ். நான் முன் பெஞ்சு.