ராசாத்தி கையில் கொடுத்த தவணை

பாலக்கரை, திருச்சி
ஞாயிற்றுக்கிழமை

என் அன்பு வீட்டுக்காரர் ஆசீருக்கு லிசி எழுதுவது. நானும் பாப்பாவும் சுகம். உங்களுக்கும் சுகம் கொடுக்கச் சொல்லி மாதாவிடம் கேட்டுவிட்டுத்தான் பேனாவை எடுத்தேன். ஜெயிலில் கடிதத்தைப் பிரித்துப் படித்துவிட்டுத்தான் உங்களிடம் தருவார்களாம். படிக்கட்டும். இதில் ஒளிக்க ஒன்றுமில்லை, கோபம்தான் இருக்கிறது.

வக்கீல் அனுசுயா மேடம் அனுப்பிய வக்காலத்தும் மனுவும் கையெழுத்து இல்லாமல் திரும்பி வந்துவிட்டன. காசு வாங்காத சட்ட உதவி வக்கீல்தானே என்று இளக்காரமா? அந்த அம்மா நமக்காக நாயாய் அலைகிறார். பாக்கி அபராதத்தைக் கட்ட இன்னும் கொஞ்சம் அவகாசம் கேட்கிற மனு அது. நீங்கள் கையெழுத்துப் போட்டால் கோர்ட்டில் கொடுக்கலாம். ஜட்ஜ் மனது வைத்தால் வெளியே வந்து தவணையாகக் கட்டலாம். இல்லாவிட்டால் அபராதம் கட்டாததற்குப் போட்ட மூன்று மாதமும் உள்ளேதான்.

பாப்பா முதன்முதலாக நற்கருணை வாங்கப்போகும் புதுநன்மைக்கு வெள்ளை கவுன் தைக்க அளவு கொடுத்தாயிற்று. அப்பா எங்கே என்று கேட்கிறாள். மார்க்கெட் வேலையாகப் பெங்களூர் போயிருக்கிறார் என்று சொல்லி வைத்திருக்கிறேன். பொய் சொல்லக் கூடாது என்று புதுநன்மை வகுப்பில் சிஸ்டர் இவளுக்குச் சொல்லிக் கொடுக்கிறார், வீட்டில் நான் இந்த லட்சணத்தில் இருக்கிறேன். வெங்காய மண்டி ஜமால் பாய் நல்லவர். ஆசீர் வந்தா மூட்டை தூக்குற வேலை அப்படியே இருக்கும்மா, சம்பளத்துல முன்பணமும் தரேன் என்று சொல்லி அனுப்பினார். ஆகவே பணத்துக்கு வழியில்லை என்று சாக்குச் சொல்லாதீர்கள்.

இப்போது நான் எழுத வந்த விஷயத்துக்கு வருகிறேன். வெள்ளிக்கிழமை ராசாத்தி நம் வீட்டுக்கு வந்தாள்.

கதவைத் திறந்தேன். மூன்று வருஷத்துக்கு முன் மண்ணச்சநல்லூரிலிருந்து லாரியில் அரிசி மூட்டை ஏற்றி வந்த நீங்கள், பஸ்ஸை முந்தப் போய் மோதினீர்களே, பூக்கூடையோடு மொபெட்டில் வந்து உயிரை விட்ட ரத்தினவேல், அவன் பெண்சாதி என் வாசலில் நிற்கிறாள். திட்ட வந்திருக்கிறாள் என்றுதான் நினைத்தேன். திட்டியிருந்தாலும் கேட்டுக்கொண்டிருப்பேன். உள்ளே வாங்க என்றேன், வரவில்லை. ஸ்ரீரங்கத்தில் பூக்கட்டி முடித்து நேராக பஸ் ஏறி வந்திருக்கிறாள்.

நீங்கள் இரண்டாவது தவணை கட்டப் போன அன்று கோர்ட் வாசலில் நடந்தது அவள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். அக்கா, வீட்டைக் காலி பண்ணச் சொல்லிட்டாங்க, புது வீட்டு அட்வான்ஸுக்கு வழியில்ல, நஷ்டஈடு எப்ப வரும்னு கேக்கத்தான் அன்னிக்குக் கோர்ட்டுக்குப் போனேன் என்றாள். வாசல்ல உங்க வீட்டுக்காரரு என்னைப் பாத்துட்டு, ஒண்ணும் பேசாம பணத்தைக் கையில திணிச்சிட்டுப் போயிட்டாரு, அது கோர்ட்டுல கட்ட வேண்டிய பணம்னு எனக்குச் சத்தியமா தெரியாது, அவரு ஜெயிலுக்குப் போனப்புறம்தான் கேள்விப்பட்டேன் என்று அழுதாள்.

அடப்பாவி மனுஷா! என் தோட்டை அடகு வைத்த பணம். எங்கே போச்சு என்று நான் தலையில் அடித்துக்கொண்டு கேட்டபோது ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் வாயிலிருந்து முத்து உதிர்ந்துவிடுமா? குடித்துத் தீர்த்தீர்கள் என்று உங்கள் தங்கையிடம்கூடப் புலம்பினேன். முதல் தவணையை ஒழுங்காகக் கட்டி ரசீது வாங்கிய மனுஷன், இரண்டாவது தவணைக்கு வெறும் கையோடு போய் நின்றால் ஜட்ஜ் என்ன செய்வார்? ஏன் கட்டவில்லை என்று அவர் கேட்டாராமே. வாயைத் திறக்காமல் நின்றீர்களாமே. சொன்னால் அந்தப் பெண்ணிடம் பணத்தைத் திருப்பிக் கேட்டுவிடுவார்கள் என்று பயந்தீர்களாக்கும்.

மேடத்திடம் எல்லாவற்றையும் சொன்னேன். கையில் கொடுத்தது கோர்ட்டுக் கணக்கில் வராதாம், அந்தத் தவணையை மறுபடியும்தான் கட்ட வேண்டும். ஆனா கட்டாததுக்கு இது நல்ல காரணம்மா, காரணத்தைச் சொன்னாத்தான அவகாசம் கேக்க முடியும், ஊமையா நின்னா யாரு என்ன பண்ணுவாங்க என்றார். ராசாத்தி தானே வந்து சொல்கிறேன் என்கிறாள். கட்டுகிற அபராதத்தில் பெரிய பங்கு நஷ்டஈடாக அவளுக்கு என்று தீர்ப்பில் எழுதியிருக்கிறது. கட்டினால்தானே அவளுக்கு வரும்? அவரு உள்ள கெடந்தா என் வீட்டுல உலை கொதிக்குமா அக்கா என்று கேட்டாள். இதற்குப் பதில் நீங்கள் சொல்லுங்கள்.

அவள் மன்னித்தாளா என்று கேட்காதீர்கள். நான் அதைக் கேட்கவில்லை. நான் கொடுத்த காப்பியைக்கூட அவள் குடிக்கவில்லை. ஆனால் கோர்ட்டுக்கு வருகிறேன் என்று சொல்லிவிட்டுத்தான் போனாள்.

போன வாரம் உங்களைப் பார்க்க வந்தபோது, கையெழுத்து ஏன் போடவில்லை என்று கேட்டேன். இங்க படுத்தா தூக்கம் வருது லிசி என்றீர்கள். பஸ்ஸில் திரும்பி வரும்போது ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு அழுதேன். எட்டு வருஷம் என் பக்கத்தில் படுத்த மனுஷனுக்கு ஜெயிலில்தான் தூக்கம் வருகிறது என்றால் நான் எங்கே போய் முட்டிக்கொள்வது? விபத்துக்குப் பிறகு வண்டிச் சாவியைத் தொடவில்லை, மூட்டை தூக்கித் தோள் புண்ணானது, எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டுதான் இருந்தேன். தண்டனை போதவில்லை என்று நீங்களே கூட்டிப் போட்டுக்கொண்டீர்கள். அதில் பாதியை நானும் பாப்பாவும் அனுபவிக்கிறோம், மீதியை ராசாத்தி அனுபவிக்கிறாள். உங்களுக்கு மட்டும் தூக்கம்.

வெளியே வந்தால் மறுபடியும் தூக்கம் வராது. எனக்குத் தெரியும். அதை மாற்ற எனக்கு வழி தெரியவில்லை. இந்த மூன்று வருஷமும் நீங்கள் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தபோது, நானும் கண்ணை மூடிக்கொண்டு தூங்குவது போல நடித்துக்கொண்டிருந்தேன். என்ன பேசுவது என்று தெரியாமல் நடித்தேன். இனி நடிக்க மாட்டேன். நீங்கள் எழுந்து உட்கார்ந்தால் நானும் எழுந்து உட்காருவேன்.

செவ்வாய்க்கிழமை மேடம் புது மனுவோடு அங்கே வருவார். மாதா உங்கள் கையைப் பிடித்து எழுத வைக்கட்டும். கையெழுத்துப் போடுங்கள். தூங்க வேண்டாம், வீட்டுக்கு வாருங்கள்.

இப்படிக்கு,
விழித்திருக்கும் உங்கள்
லிசி