காரகோரத்தின் கிழக்கு வாசல்

நனைந்த சாக்கும் காய்ச்சிய பசையும் கலந்த வாசம் இன்று காலை சன்னல் வழியே வந்தது. தெருமுனையில் பூஜைப் பந்தல் வேலையைத் தொடங்கிவிட்டார்கள். மூங்கில் சட்டம் மூன்றாம் மாடி உயரத்துக்கு நிற்கிறது. அதன்மேல் சாக்கைப் போர்த்திக் களிமண் பூசுகிறார்கள். காப்பி டம்ளரோடு நின்றிருந்தேன். நீங்கள் பக்கத்தில் வந்து நிற்பதுபோல இருந்தது. திரும்பிப் பார்க்கவில்லை. பார்த்தால் போய்விடுவீர்கள்.

இதே வாசத்துக்குள்தான் நாம் இரண்டு பேரும் ஒரு நகரத்துக்குள் நுழைந்தோம். டாலிகஞ்ச் ஸ்டூடியோவில் ஒட்டுப்பலகையாலும் சாக்காலும் கட்டிய காரகோரம். மங்கோலிய மன்னர்களின் தலைநகரம்.

அந்த நகரம் நம் வீட்டுக்குள் வந்தது அதற்கும் வெகு காலம் முன்னால். கல்யாணமாகி, பாளையங்கோட்டையில் பார்த்துக்கொண்டிருந்த டீச்சர் வேலையை விட்டுவிட்டு, கார்டன் ரீச் குவார்ட்டர்ஸுக்கு நான் வந்த புதிது. நீங்கள் கப்பல் கட்டும் தளத்தில் வரைபடப் பிரிவுக்குப் போய்விடுவீர்கள். எனக்கு வங்காளியும் தெரியாது, இந்தியும் தெரியாது. கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். ஒரு சனிக்கிழமை வந்து சொன்னீர்கள்: "ஏளா, பாஷையே வேண்டாத படம் ஒண்ணு தர்மதலால ஓடுது. வாரியா?"

நிஜமாகவே பாஷை வேண்டியிருக்கவில்லை. குதிரைகள், கூடாரங்கள், கூச்சல், தீ. திரும்பும்போது டிராமில் கேட்டேன்: "அத்தன ஆளும் எங்க உலை வச்சுச் சாப்பிடுவாங்க? ஒரு அடுப்பக்கூட காட்டலையே?" நீங்கள் சிரித்த சிரிப்பில் கண்டக்டர் திரும்பிப் பார்த்தார்.

அதற்குப் பிறகு மங்கோலியர் வரும் படம் எதையும் நீங்கள் விட்டதில்லை. எந்த நாட்டுக்காரர் எடுத்தாலும் வானம் ஒரே பழுப்பு நிறத்தில் இருக்கும். கான் எலும்பைக் கடித்துக்கொண்டே உரக்கச் சிரிப்பார். நகரம் என்று ஒன்று வந்தால் அது எரிவதற்காக வரும். அவர்களுடைய சொந்த நகரமாக இருந்தாலோ ஒரு சிம்மாசனம், ஒரு நடனம், ஒரு விஷக் கோப்பை, அவ்வளவுதான். "ஊர் இருக்கு, ஊர்க்காரன் இல்ல" என்பீர்கள், ஒவ்வொரு படம் முடிந்த பிறகும்.

காலேஜ் தெரு நடைபாதையில் பழைய புத்தகங்களாக வாங்கி வந்தீர்கள். குளிர்கால ஞாயிறுகளில் மொட்டை மாடி வெயிலில் நான் பட்டாணி உரிக்க, நீங்கள் சொல்லிக்கொண்டிருப்பீர்கள். புல்வெளிக்கு நடுவே மண்சுவர் சூழ்ந்த ஊர். நாலு பக்கமும் வாசல். கிழக்கு வாசலில் தினை விற்பார்கள், மேற்கே ஆடு, தெற்கே மாடும் வண்டியும், வடக்கே குதிரை. உள்ளே மசூதியும் உண்டு, தேவாலயமும் உண்டு, பெயர் தெரியாத சாமிகளின் கோயில்களும் உண்டு. "பாதி ஊர் புடிச்சுட்டு வந்த ஆளுங்க, பிள்ள. தட்டான், நெசவுக்காரன் எல்லாம். வந்தவன் அங்கனயே கல்யாணம் முடிச்சு, அங்கனயே செத்துருக்கான்." வெயிலில் எனக்குக் கண் சொக்கும். பட்டாணித் தோலின் பச்சை கடலாக விரிந்து, அதன் நடுவே அந்த மண்சுவர் மெதுவாக மிதந்து வரும். யாரோ சுவரோரமாகத் துணி உலர்த்துவார்கள். முகம் தெரியாது.

நீங்கள் ஓய்வு பெற்று, டாலிகஞ்ச் வாடகை வீட்டுக்கு வந்தபோது நம்மோடு இருந்த தமிழ்க் குடும்பங்களெல்லாம் ஒவ்வொருவராக ஊருக்குப் போய்விட்டார்கள். மகன் சென்னையில் தன் வீட்டுக்குக் கீழேயே ஒரு வீடு பார்த்து வைத்தான். எனக்குப் போகவேண்டும். இத்தனை வருஷமும் இங்கே கூடாரம் அடித்துத் தங்கியிருப்பதாகத்தான் நினைத்திருந்தேன். நீங்களோ இன்று நாளை என்று தள்ளினீர்கள். "உங்களுக்கென்ன, ஆபீஸ் இருந்துச்சு, சிநேகிதம் இருந்துச்சு. நான்தான எல்லாத்தயும் விட்டுட்டு வந்தவ" என்று ஒருநாள் சொல்லிவிட்டேன். அதன்பின் வீட்டில் காப்பி, சாப்பாடு, மருந்து என்பதற்கு மேல் பேச்சு இல்லை.

அந்த நாட்களில்தான் நம் குடியிருப்பின் காவலாளி பகதூர் மங்கோலியப் படைவீரரானார். மலைப்பக்கத்துக் கலிம்போங்காரர், நேப்பாளி பேசுபவர், ஈக்குக்கூட வழிவிட்டு நடக்கும் மனிதர். முகத்தைப் பார்த்து ஸ்டூடியோ ஆட்கள் ஒரு படத்துக்குக் கூட்டிப்போனார்கள். "சார், என்னைப் பாத்தா ஊரைக் கொளுத்தறவன் மாதிரியா இருக்கு?" என்று உங்களிடம் இந்தியில் வருத்தப்பட்டார். அவருக்குத் துணையாகப் போவதாகச் சொல்லிக்கொண்டு நீங்களும் போனீர்கள். பிறகு தினமும் போனீர்கள். வரைபடம் பார்த்துப் பழகிய கை. தச்சர்களுக்கு அளவு பிடித்துக் கொடுத்தீர்கள்.

ஒரு நாள் உங்களுக்குப் புளிசாதம் எடுத்துக்கொண்டு நான் வந்தேன். கதைப்படி எதிரிப் படை வந்து காரகோரத்தை எரிக்கவேண்டிய நாள் அது. தீயணைப்பு வண்டி வரத் தாமதமாகிவிட்டது. கேமரா தயாராக நிற்க, படத்தின் இளம் டைரக்டர் நகத்தைக் கடித்துக்கொண்டிருந்தார். நீங்கள் அவரிடம் வங்காளியில் கெஞ்சிக்கொண்டிருந்தீர்கள்.

"எரிக்கறதுக்கு முன்னாடி ஒரே ஒரு காட்சி எடுங்க. சந்தைக்கு யாராவது வந்து போகட்டும்."

"காகு, மங்கோலியருங்க எத்தனை ஊரைக் கொளுத்தினாங்க. அது பொய்யா?" என்றார் அவர். காகு என்றால் சித்தப்பா.

"பொய்யில்லை. அதையும் காட்டுங்க. ஆனா கான் ஆட்சிக்குக் கீழ விடிஞ்சு எந்திரிச்சு அடுப்பு பத்த வச்சவங்களும் இருந்தாங்கதானே? இது என் சம்சாரம் கேட்ட கேள்வி. இத்தனை வருஷமா ஒரு படத்துலயும் பதில் வரலை."

வாசலில் நின்ற என் காதில் இது விழுந்தது. டிராமில் நான் சும்மா கேட்டது. நான் மறந்தே போயிருந்தேன். நீங்கள் அந்த ஒரு கேள்விக்காகவா இவ்வளவு படமும் பார்த்தீர்கள்?

டைரக்டர் சிரித்துவிட்டார். "சரி, அரைமணி நேரம் உங்களுடையது. பெண்கள் யாரும் இன்னைக்கு வரலையே?" உங்கள் கை என்னைக் காட்டியது.

கம்பளி அங்கி கழுத்தை அரித்தது. தலையில் ஒரு துணி, கையில் கூடை. கிழக்கு வாசலில் பகதூர் கத்தியைக் கழற்றி வைத்துவிட்டுத் தினை வியாபாரியாக உட்கார்ந்திருந்தார், முகமெல்லாம் சந்தோஷம். தினை, பறவைத் தீவனக் கடையில் வாங்கியது. "எங்கிருந்தோ வந்த பொம்பளை நீங்க, காகிமா. நடிக்க வேண்டாம், வாங்கிட்டு வீட்டுக்குப் போங்க" என்றார் டைரக்டர், சித்தி முறை வைத்து.

பெரிய காற்றாடியைச் சுழல விட்டார்கள். தூசி எழுந்து வெயிலில் பொன்னாக நின்றது. எங்கோ ஆடு கத்தியது. "அண்ணே, படி என்ன வெல? போன வாரம் கொறச்சுல்லா தந்தீங்க?" என்றேன். அவர் நேப்பாளியில் ஏதோ சொல்லி ஒரு கை கூடுதலாகப் போட்டார். கூடையை இடுப்பில் வைத்துக்கொண்டு சந்துக்குள் நடந்தேன். இரண்டு பக்கமும் மண்சுவர், ஒரு சன்னலில் உலர்த்திய துணி. கேமரா இருப்பது மறந்துபோனது. வீட்டுக்குப் போகிறேன் என்று மட்டும் இருந்தது. ஒட்டுப்பலகை முடியும் இடத்தில் சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றுவிட்டேன்.

அன்று சாயங்காலம் கேட்டீர்கள். "என்னளா, பேச்சே இல்ல?"

"அந்தச் சந்துல நடக்கும்போது வீடு ஞாபகம் வந்துச்சு."

"பாளையங்கோட்டையா?"

"இல்ல. இந்த வீடு. கொடியில சேல காயுறது, மீன்காரன் சத்தம், எல்லாம்."

நீங்கள் எழுந்து போய் டீ போட்டீர்கள். சர்க்கரை போட மறந்துவிட்டீர்கள். நானும் சொல்லாமல் குடித்தேன். மறுநாள் மகனுக்கு நானே போன் செய்தேன். "நாங்க வரலப்பா. லீவுக்கு நீங்க வாங்க." அவன் உங்களைக் கூப்பிடச் சொன்னான், அப்பா மனதை மாற்றிவிட்டார் என்று நினைத்து. நீங்கள் போனை வாங்கி, "எனக்கும் இப்பத்தான் தெரியும்" என்றீர்கள்.

படம் வந்தபோது நம் சந்தை கண்மூடித் திறப்பதற்குள் போய்விட்டது. பின்வரிசையில் ஒருத்தி, "இந்த மாதிரியே ஒரு பெரியம்மா நம்ம மார்க்கெட்டுக்கு வருவாங்க" என்றாள். பிறகு தீ. அரங்கம் முழுக்கச் சிவந்தது. என் காதருகே குனிந்து, "உள்ள இருந்தவுங்க எங்க போயிருப்பாங்க?" என்று கேட்டீர்கள். விளையாட்டாகக் கேட்கவில்லை.

அடுத்த குளிர்காலத்தில், ஒரு காலை, பாதிச் சவரத்தில் நீங்கள் போய்விட்டீர்கள். காளிகாட் பக்கத்துச் சுடுகாடு வரை பகதூரும் தோள் கொடுத்தார். மகன் மறுபடியும் கூப்பிட்டான். அழுதான்கூட. போய் ஒரு மாதம் இருந்துவிட்டுத் திரும்பி வந்தேன்.

இப்போதும் டிவியில் அந்தமாதிரிப் படம் வந்தால் பார்க்கிறேன். கானையோ குதிரைகளையோ பார்ப்பதில்லை. பின்னால் தண்ணீர்க் குடத்தோடு ஒருத்தி குறுக்கே போவாள், ஒருவன் கூடாரக் கயிற்றை இறுக்கிக்கொண்டிருப்பான். இவள் எங்கிருந்து வந்தாள், இவனுக்கு ராத்திரி யார் சோறு வைப்பார்கள் என்று கண் அவர்கள் பின்னாலேயே போகிறது. நீங்கள் பழக்கிவிட்டுப் போன பார்வை.

போன வாரம் லேக் மார்க்கெட்டில் ஒரு பெண் முருங்கைக்காய்க்கு அரைகுறை இந்தியில் திண்டாடிக்கொண்டிருந்தாள். கழுத்தில் மஞ்சள் கயிறு இன்னும் புதிதாக இருந்தது. கணவனுக்கு மத்திய அரசு வேலையாம், மாற்றலாகி வந்து பத்து நாள்கூட ஆகவில்லையாம். தமிழில் பேசினேன், அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. பேரம் பேசிக் கொடுத்தேன். அவள் பையை வாங்கிக்கொண்டு, "அம்மா, உங்களுக்கு எந்த ஊரு?" என்று கேட்டாள்.

யோசிக்கவே இல்லை. "இந்த ஊருதாம்மா" என்றேன். சொன்ன பிறகுதான், இதை உங்களிடம் சொல்லவேண்டுமே என்று தோன்றியது.