ஊசியை எடுக்காதீங்க

அன்பு மாப்ளே ஆரோ,

நம் ரெக்கார்டு வெளியே வந்துவிட்டது. மெட்ராஸிலிருந்து பார்சல் வந்த அன்று, வீட்டுக்குக் கொண்டுபோகக்கூடப் பொறுமையில்லாமல் நானும் ரெங்கனும் ஜங்ஷனிலேயே பிரித்துவிட்டோம். உறையில் உன் பெயரை ஒழுங்காகப் போட்டிருக்கிறார்கள்: ஆர்கன், ஆரோக்கியராஜ். அதைப் பார்த்ததும் ரெங்கன் பிளாட்பாரத்தில் உட்கார்ந்து அழுதான். எனக்கு அழுகை வரவில்லை, உன் மேல் கோபம்தான் வந்தது. ரெக்கார்டிங் முடித்த கையோடு மஞ்சள் காமாலை என்று படுத்தவன், இது வரும் வரைக்குமாவது இருந்திருக்கக் கூடாதா?

நீ பிடிவாதம் பிடித்தபடியேதான் பாட்டு இருக்கிறது. முதல் பாதியில் என் குரலும் கிதாரும், ரெங்கனின் டிரம்ஸும். பிறகு எல்லாம் நின்றுவிடும். அந்த மௌனத்துக்கு அப்புறம் ஆர்கனில் நீ மட்டும். கம்பெனிக்காரர் மௌனத்தை வெட்டச் சொன்னபோது நீ கேட்டது ஞாபகம் இருக்கிறதா? “கொஞ்ச நேரம் சும்மா இருந்தா என்ன சார், ஜனங்க எழுந்து ஓடியா போயிடுவாங்க?”

யாரும் ஓடவில்லை. ஆனால் உன் மூளைக்கும் எட்டாத ஒன்று நடந்தது. சத்தமில்லாத அந்த இடம் ரெக்கார்டில் பளபளவென்று ஒரு வளையமாகத் தெரிகிறது, இரண்டு பாட்டுக்கு நடுவில் இருக்குமே, அதே மாதிரி. வளையத்தைப் பார்த்ததும் பாட்டு முடிந்தது என்று ஊசியை எடுத்துவிடுகிறார்கள்.

முதலில் எடுத்தவர் மலைக்கோட்டைக்குக் கீழே இருக்கும் ரெக்கார்டு கடைக்காரர். “அதான் முடிஞ்சிடுச்சே தம்பி. அடுத்தது வெறும் வாசிப்புதானே” என்றார்.

“அதுவும் இதே பாட்டுதாங்க.”

“அப்ப எதுக்கு நடுவுல கடையைச் சாத்திட்டுப் போனீங்க?”

காலேஜ் ஹாஸ்டலில் ஊசியை எடுக்கவில்லை, கை தட்டி விசிலடித்தார்கள். நீ வாசிக்க ஆரம்பித்தது அந்த விசிலில் காணாமல் போய்விட்டது. ஸ்ரீரங்கத்தில் ரெங்கனின் அப்பா கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். மௌனம் வந்ததும் எழுந்துபோய் பிளேயரை அணைத்தார். “நன்னாத்தான் இருக்கு. சட்டுனு மங்களம் பாடிட்டேளே” என்றார். பெரியவரிடம் என்ன சண்டை போடுவது?

பாட்டு நல்லாயிருக்கு என்று யாராவது சொன்னால் எனக்கு எரிச்சலாக வந்தது. ஊரில் ஒருவர்கூட இன்னும் உன்னைக் கேட்கவில்லையே மாப்ளே. இருந்தபோது உன் மேல் பட்ட பொறாமையெல்லாம் போய், உன்னை எப்படியாவது நாலு பேர் காதில் போட வேண்டும் என்ற வெறிதான் மிச்சம்.

உன் அம்மாவிடமும் ஒரு ரெக்கார்டு கொடுத்தேன். “முதல்ல நான் பாடுவேம்மா. அப்புறம் சத்தமே இருக்காது. அதுக்கப்புறம்தான் ஆரோ” என்று சொன்னேன். வீட்டில் பிளேயர் இல்லை. “சரிப்பா” என்று வாங்கி மாதா படத்துக்குப் பக்கத்தில் வைத்துவிட்டார்.

போன ஞாயிறு பொன்மலையில் மாதா கோயில் திருவிழா. சாமியாரிடம் தயங்கித் தயங்கிக் கேட்டேன். “நம்ம ஆரோக்கியம் வாசிச்சதுதானே? பூசைக்கு முன்னாடி போட்டுக்கோங்க” என்றார். மைக்செட்காரர் ரயில்வே குவார்ட்டர்ஸ் வரைக்கும் குழாய் ஸ்பீக்கர் கட்டியிருந்தார். நடுவில் ஊசியைத் தொட வேண்டாம் என்று அவரிடம் படித்துப் படித்துச் சொன்னேன். “எல்லாம் தெரியும் தம்பி, நீங்க போங்க” என்று விரட்டினார்.

பாட்டு ஆரம்பித்தது. என் குரல் கோயில் சுவரில் மோதித் திரும்பி வந்தது. வாசல் பக்கம் நின்றபடி பிளேயர் வைத்திருந்த மேஜையையே பார்த்துக்கொண்டிருந்தேன். பாட்டு நின்றது. மைக்செட்காரர் கை தானாக ஊசிக்குப் போனது. நடுவில் அவ்வளவு கூட்டம், என்னால் ஓட முடியவில்லை.

மேஜைக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்த உன் அம்மா அவர் கையைப் பிடித்துவிட்டார்.

“எடுக்காதீங்க தம்பி. இனிமேதான் என் பையன் வருவான்.”

அறிவிப்புக்கு வைத்த மைக் திறந்தே கிடந்தது. அம்மா சொன்னது குவார்ட்டர்ஸ் முழுக்கக் கேட்டது. ஷிப்ட் முடிந்து போய்க்கொண்டிருந்தவர்கள் சைக்கிளை விட்டு இறங்கிவிட்டார்கள். பூந்தி விற்றவர்கூட வாயைத் திறக்கவில்லை. எல்லோரும் உனக்காகக் காத்திருந்தார்கள்.

நீ வந்தாய்.

கடைசி வரைக்கும் கேட்டார்கள் மாப்ளே. எல்லோருக்கும் பிடித்தது என்று பொய் சொல்ல மாட்டேன். “ஒண்ணும் புரியல, ஆனா என்னமோ பண்ணுது” என்றார் உன் பக்கத்து வீட்டு மாமா. “மறுபடி போடவாம்மா?” என்று மைக்செட்காரரே கேட்டார். “போடுங்க. முதல்லேருந்து போடுங்க, சாதிக் பாடுறதும் வரட்டும்” என்றார் அம்மா. அங்கேதான் எனக்கு அழுகை வந்தது.

அடுத்த பாட்டுக்கு ரெங்கன் தாளம் போட்டு வைத்திருக்கிறான். நான் வரிகளோடு மல்லுக்கட்டுகிறேன். நீ இல்லாமல் எப்படி வரும் என்று தெரியவில்லை, ஆனால் வரும். அதுவரைக்கும் ஒரு வாக்கு தருகிறேன். நம் ரெக்கார்டு இந்த ஊரில் எங்கே ஓடினாலும், நீ வரும் வரைக்கும் அந்த ஊசிக்குப் பக்கத்தில் நான் நிற்பேன்.

உன் மச்சான்,
சாதிக்